நூறு எண்ணும் வரை

ஒரு ஸ்லைடில் நூறு வெள்ளையணு எண்ண வேண்டும்.
பதினேழு வருஷமாக இதுதான் வேலை,
ஸ்டான்லி ஆஸ்பத்திரியில்,
ஜன்னல் திறந்தால் துறைமுகப் புழுதி வருகிற அறையில்.
கண் மைக்ராஸ்கோப்பில், இடது கை கவுன்ட்டரில்.
அணுவுக்கு ஒரு தட்டு. நூறானதும் மணி அடிக்கும்.
டெங்கு மாதங்களில்கூட
ஏழெட்டு நிமிஷத்தில் அடித்துவிடும்.

தேசிங்கின் ஸ்லைடில்
அரைமணி ஆகியும் அடிக்கவில்லை.

சாயம் பிடிக்கவில்லையோ என்று
இன்னொன்று இழுத்தேன்.
அதிலும் சிவப்பு மட்டும். ஊதாப் பொட்டு
எங்கோ ஒன்று, அப்புறம் வெகுதூரம் ஒன்றுமில்லை.
பந்த் அன்றைக்குப் பாரிமுனை மாதிரி
கதவெல்லாம் சாத்திக் கிடந்தது ரத்தம்.

மணலியில், குழாய் வெல்டிங்கைப் படம் பிடிக்கிற கம்பெனி.
எக்ஸ்ரே போலத்தான். ஆனால் பிளக் கிடையாது, சுவிட்ச் கிடையாது.
இரிடியத்தை யாரும் அணைக்க முடியாது,
ஈயத்துக்குள் மூடித்தான் வைக்கலாம்.
கேபிள் நுனியிலிருந்து கழன்று விழுந்திருந்தது.
ராத்திரி ஷிப்டு ஹெல்பர் பொறுக்கியிருக்கிறான்.
சுண்டுவிரல் நீளம், பளபளப்பு, ஓரத்தில் கொக்கி.
"சாவிக்கொத்துக்கு ஆவும்னு பாக்கெட்ல போட்டேன் மேடம்.
சூடுகூட இல்ல."

விடிவதற்குள் மூன்று வாந்தி.
பழி, எண்ணூர் ரோட்டு பரோட்டாக்கடை சால்னா மேல்.
காலையில் கருவியோடு அவர்கள் தேடி வந்தபோது
இதுவா சார் என்று அவனே எடுத்து நீட்டினான்.
"கீழ போடுறா!"
கத்தியவர் முப்பதடி தள்ளி ஓடிப்போய் நின்று கத்தினார்.
அப்போதுதான் முதல் பயம் என்கிறான்.

வாங்கிய அளவைக் காட்ட ஒரு பேட்ஜ் உண்டு.
அவன் பெயரிலும் ஒன்று,
ஆபீஸ் இழுப்பறையில், கவர் பிரிக்காமல்.
பதிவேட்டில் அந்த மாதம் தேசிங்கு: பூஜ்யம்.

நடுவில் இரண்டு வாரம் நன்றாகத்தான் இருந்தான்.
எலும்புக்குள் பட்டறை அன்றைக்கே மூடியாச்சு,
கையிருப்பு தீரும்வரை கடை ஓடும்
என்றார் பெரிய டாக்டர்.
அந்த இரண்டு வாரத்தில்
மாதவரத்தில் மச்சான் கல்யாணம்,
சட்டை நனைய ஆடியிருக்கிறான்.
பிறகு வலது தொடையில் ஒரு சிவப்பு,
தையல்காரர் சாக்பீஸில் வரைந்த மாதிரி
பாக்கெட் அளவுக்கு, பாக்கெட் இருந்த இடத்தில்.
அது கொப்புளமானது. கொப்புளம் உடைந்து
உள்ளே உள்ளே போகிறது.
தலையணையில் முடி. பல் தேய்த்தால் ரத்தம்.

தனி அறை காலியாகவில்லை.
பக்கத்துக் கட்டில்காரர் கட்டிலை இழுத்துக்கொண்டார்.
சாப்பாட்டுத் தட்டைத் தரையில் வைத்துத்
துடைப்பக்கட்டையால் தள்ளினார்கள்.
வாசலிலேயே நிற்கிறாள் அவன் மனைவி அமுலு.
"அந்த பேண்ட்ட நான்தான் தொவச்சேன்.
எனக்கும் வருமா? தொட்டா ஒட்டிக்குமா?"

வெயில் பட்ட சுவரில்
ராத்திரி வெளிச்சம் இருக்குமா அமுலு?
அவனால் உனக்கு ஒன்றும் வராது.
நம்மால்தான் அவனுக்கு வரும்.
ஒரு தும்மல் போதும், நகத்தடி அழுக்கு போதும்.

குழாயடியில் சோப்பு இல்லை. என்னுடையதைக் கொடுத்தேன்.
வளையலைக் கழற்றி முந்தானையில் முடிந்துகொண்டு
முழங்கை வரை கழுவினாள்,
மீன் வெட்டியவள் கழுவுவது போல, இரண்டு தரம்.
உள்ளே போய்
அவன் கால்மாட்டில் உட்கார்ந்தாள்.
வார்டே திரும்பிப் பார்த்தது.

மணலியிலும் ஒரு கவுன்ட்டர் இருக்கிறது. அதுவும் தட்டும்.
அங்கே தட்டு கூடினால் ஓட வேண்டும்.
இங்கே குறையக் குறைய
நான் நாற்காலியை இன்னும் கிட்டே இழுக்கிறேன்.

இன்றைக்கு நாலு ஸ்லைடு. நாற்பத்தொன்று.
சாப்பாட்டு நேரம் என்று அறையில் எல்லோரும் எழுந்தார்கள்.
டிபன் பாக்ஸை ஓரமாக நகர்த்தி
ஐந்தாவதை வைத்தேன்.